போறேன் என்று சொன்ன குரல்

வெள்ளாந்துறை காவல் நிலையத்தில் ஒரு வழக்கம் உண்டு. விசாரணை முடிந்து வெளியே போகிறவன் பழக்க தோஷத்தில் "போயிட்டு வாரேம்மா" என்று கும்பிட்டால், இன்ஸ்பெக்டர் செல்வகனி நாற்காலியை விட்டு எழுந்துவிடுவாள்.

"எங்கல வாரே? போறேன்னு சொல்லு. இங்க மட்டும் போறேன்னுதான் சொல்லணும்."

சைக்கிள் திருடனும் சிரிப்பான், ஏட்டு மாசானமும் சிரிப்பார். வீட்டில் அதே செல்வகனி நேர்மாறு. கணவன் லிங்கதுரை செருப்பை மாட்டிக்கொண்டு "சரி கனி, போறேன்" என்றால் போதும், அடுப்பில் இருப்பது தீய்ந்தாலும் சரி என்று வாசலுக்கு ஓடி வருவாள். "வாயில நல்ல வார்த்தையே வராதா? போயிட்டு வாரேன்னு சொல்லுங்க." அவன் சொல்லிவிட்டுத்தான் படியிறங்க வேண்டும்.

காரணம் இருந்தது. லிங்கதுரையின் தம்பி சுடலைமணி கடைசியாக அந்த வீட்டிலிருந்து கிளம்பும்போது "மைனி, நா போறேன்" என்றான். அன்று மத்தியானமே துறைமுகத்தில் ஒரு கண்டெய்னர் கொக்கி விட்டு அவன் மேல் இறங்கியது. போலீஸ்காரி இதையெல்லாம் நம்பலாமா என்று கேட்காதீர்கள். நம்பினாள். அதன் பிறகு லிங்கதுரையும் ஒருநாள்கூடத் தவறவில்லை. கிரேன் கூண்டில் ஏறும் முன்னால் போனில் கூப்பிட்டால்கூட, "போயிட்டு வாரேன்" என்று சொல்லித்தான் வைப்பான்.

அன்று காலை டி.எஸ்.பி. கோமதிநாயகம் தாமே ஜீப்பை ஓட்டிக்கொண்டு வந்து, அவள் அறைக்குள் நுழைந்து கதவைச் சாத்தினார். நல்ல செய்தி சொல்ல வருகிறவர்கள் கதவைச் சாத்துவதில்லை.

"வைகுண்டத்த நேத்து சாயங்காலம் எவனோ அடிச்சுக் கொன்னுருக்கான். அவன் வீட்டுக்குப் பின்னால, வலை போடுத கொட்டகையில."

வைகுண்டம் துறைமுகத்தில் மேற்பார்வையாளன். சுடலைமணி குடித்துவிட்டு வேலைக்கு வந்தான், அதனால்தான் செத்தான் என்று வாய் கூசாமல் சாட்சி சொன்னவன். சுடலைமணியோ கள் வாசனைக்கே மூக்கைப் பிடிக்கிற பையன். அடக்கத்தன்று லிங்கதுரை அத்தனை பேர் முன்னால் வைகுண்டத்தின் சட்டையைப் பிடித்து, "வருசம் திரும்பறதுக்குள்ள ஒன்ன என் தம்பிகிட்ட அனுப்புதேன் பாரு" என்று கத்தியது ஊருக்கே தெரியும்.

"நேத்து என்ன நாளுன்னு ஞாபகம் இருக்கா கனிம்மா?" என்றார் கோமதிநாயகம்.

"என்ன நாளு ஐயா?"

அவர் அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார். "ஒங் கொழுந்தன் செத்து நேத்தோட வருசம் திரும்புது."

செல்வகனிக்கு முகம் சுட்டது. மறந்துபோயிருந்தாள். சுத்தமாக மறந்துபோயிருந்தாள்.

"ஒன் வீட்டுக்காரர எங்க ஆபீஸ்ல உக்கார வச்சிருக்கேன். மரியாதையாத்தான். சாயங்காலம் எங்க இருந்தீருன்னு கேட்டா, வீட்டுல இருந்து என் பொண்டாட்டிகிட்ட போன்ல பேசிட்டிருந்தேங்காரு. போன் கம்பெனிப் பதிவப் பாத்தேன். கொலை நடந்த நேரம் பூரா ரெண்டு பேரும் பேசியிருக்கீய. போனும் வீட்டுலதான் இருந்திருக்கு. போனோட ஆளும் இருந்தாராங்கதுதான் கேள்வி."

"ஏன் ஐயா, நெழலா இருக்கும்னு பாக்கீயளா?"

"பாக்காம? கடைக்குக் கடை திருட்டு நெழலு விக்கான்."

நம் குரலில், நம் இழுப்பில், நமக்குப் பதிலாகப் போனில் பேசுகிற அந்தச் சனியனை ஊரே நிழல் என்றுதான் சொல்லும். நாம் போனில் பேசின பழைய பேச்சையெல்லாம் தின்று வளரும். நாம் எதைச் சொல்வோமோ அதைச் சொல்லும், சொல்லாததைச் சொல்லாது. சொந்தக்காரர்களின் நலம் விசாரிப்பைத் தாங்க முடியாதவர்கள் முதலில் வாங்கினார்கள், பிறகு எல்லாரும் வாங்கினார்கள். அரசாங்கம் விற்க அனுமதித்த நிழல், நான் நிழல் என்று முதலிலேயே சொல்லிவிடும். திருட்டு நிழல் செத்தாலும் ஒத்துக்கொள்ளாது.

"கருவிய வச்சுக் கண்டுபிடிக்க வழியில்லையா?" என்றாள், பதில் தெரிந்தும்.

"அதான் எல்லாப் பயலும் கைய விரிச்சிட்டானே. கோர்ட்டும் கடைசில பழைய வழிக்கே வந்துட்டு. எதிர்முனையில இருந்த ஆளு, பேசுனது இன்னார்தான்னு சத்தியம் பண்ணணும். உறவுச் சாட்சி." கோமதிநாயகம் தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "எனக்கு ஒரே ஒரு உறுத்தல். கல்யாணமாகி இம்புட்டு வருசமான புருசன் பொண்டாட்டி அவ்வளவு நேரமா பேசுவாக? என் வீட்டுக்காரி 'பால் வாங்கிட்டு வாங்க'ம்பா, நா 'ம்'பேன், முடிஞ்சுபோச்சு. அப்புறம் காலா இருக்குமோன்னு நெனச்சேன்."

அப்புறம் கால் என்பது போலீஸ்காரர்கள் வைத்த பெயர். இரண்டு பக்கமும் நிழல் இருந்துவிட்டால் பேச்சு முடியாது. ஒன்று "அப்புறம்?" என்னும். மற்றது "நீங்கதான் சொல்லணும்" என்னும். திரும்பவும் "அப்புறம்?" இப்படியே, யாராவது வந்து போனைப் பிடுங்கி வைக்கிறவரை ஓடும். கொலை செய்துவிட்டு வீடு திரும்புகிறவன் வைக்கிறவரை என்றும் சொல்லலாம்.

"ஆனா இந்தப் பக்கம் நீ இருந்தல்லா? பேசுனது அவர்தான்னு ஒரு கையெழுத்துப் போட்டுக் குடு. மறுபேச்சே கெடையாது, அவர அனுப்பிடுதேன். சாயங்காலத்துக்குள்ள குடு. இல்லேன்னா நா அரெஸ்ட் காட்டணும்."

அவர் போன பிறகு செல்வகனி கதவைத் திறக்கவில்லை. இந்தப் பக்கம் அவள் இல்லை.

காக்கிச் சட்டை போட்டவர்கள் நிழல் வைத்துக்கொள்ளக் கூடாது. இன்ஸ்பெக்டரின் குரலில் யாரோ ஒருவன் உத்தரவு போட்டால் என்ன ஆகும் என்ற பயம். வைத்திருந்தால் வேலை போகும், மன்னிப்பு கிடையாது. தெரிந்தேதான் அவள் ஒரு திருட்டு நிழலைத் தன் போனில் ஏற்றியிருந்தாள். முந்தின நாள் சாயங்காலம் லிங்கதுரை கூப்பிட்டபோது அவளுக்குத் தலைபோகிற வேலை ஒன்றும் இல்லை. ஸ்டேஷனுக்குப் பின்னால் வேப்பமரத்தடியில் நாற்காலி போட்டு, ஒரு டீயை ஆறாமல் குடிக்க வேண்டும் என்று உட்கார்ந்திருந்தாள். அவன் பெயர் திரையில் வந்தது. நிழலிடம் தள்ளிவிட்டாள். அவ்வளவுதான்.

பேசி முடித்த நிழல் வழக்கம்போல் சுருக்கம் சொல்லியிருந்தது. சாப்பிட்டாயிற்று என்றார். மழை வரும்போல இருக்கிறது என்றார். வேறு விசேஷம் இல்லை.

மழைக்கும் சாப்பாட்டுக்கும் அத்தனை நேரமா? டி.எஸ்.பி.க்கு வந்த உறுத்தல் இப்போது அவளுக்கும் வந்தது.

லிங்கதுரை டி.எஸ்.பி. அலுவலகத்தின் பின்னறையில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். வாங்கிக் கொடுத்த டீ ஏடு படிந்து பக்கத்தில் இருந்தது. வலது கையில் துணிக்கட்டு. செல்வகனியின் கண் முதலில் அங்கேதான் போனது. மனைவியின் கண் முகத்துக்குத்தான் போயிருக்க வேண்டும்.

"கையில என்ன?"

"கிரேன் ஏணில சிராய்ச்சிட்டு."

"எப்ப?"

"மூணு நாளாச்சு."

"நா பாக்கலையே."

"நீ எப்பக் கனி பாத்த?" என்றான். குறையாகச் சொன்ன மாதிரியும் இல்லை, சும்மா சொன்ன மாதிரியும் இல்லை.

அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டு, "நேத்து போன்ல என்ன பேசுனீங்க?" என்றாள்.

லிங்கதுரை வாசலில் நின்ற பாராக்காரரை ஒரு பார்வை பார்த்தான். பிறகு மெதுவாக, "பேசுனோம்னு சொல்லு" என்றான்.

அவன் குரலை இன்னும் தாழ்த்தினான்.

"ரெக்கார்டு ஏதும் இருந்தா அழிச்சிரு. கேக்கக்கூடச் செய்யாத. அழிச்சிட்டு, அவரு கேக்க எடத்துல கையெழுத்தப் போட்டுட்டு வீட்டுக்குப் போ."

நிழல் பேசினால்தான் போனில் பேச்சு பதிவாகும். அப்படியென்றால் இவனுக்குத் தெரியும். அவள் நிழல் வைத்திருப்பது தெரியும், நேற்றுப் பேசியது அதுதான் என்பதும் தெரியும். எத்தனை நாளாகத் தெரியும்? அவளுக்குள் இருந்த போலீஸ்காரி தானாகக் கணக்குப் போட்டாள். எதிர்முனையில் நிழல்தான் எடுக்கும் என்று தெரிந்தவனுக்கு, இந்த முனையிலும் ஒரு நிழலை வைத்துவிட்டுப் போவது எவ்வளவு வசதி. கூடவே இன்னொரு வசதியும் உண்டு. உண்மையைச் சொன்னால் மனைவிக்கு வேலை போகும், அதனால் அவள் பொய்க் கையெழுத்துத்தான் போடுவாள்.

நீங்க செஞ்சீங்களா என்று அவள் கேட்கவில்லை. பதிலுக்குப் பயந்தாள். நான் செய்யவில்லை என்று அவனும் சொல்லவில்லை. ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே என்று திரும்புகிற வழியெல்லாம் அவளுக்கு ஆற்றாமையாக இருந்தது.

உப்பளத்து ஓரமாக ஜீப்பை நிறுத்தினாள். நல்ல வெயில். கண்ணுக்கெட்டிய தூரம்வரை வெள்ளை, பார்க்க முடியவில்லை. போனில் அந்தப் பதிவை எடுத்தாள். அழிக்கவா என்று கேட்டது. அழித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டால் புருஷன் வீட்டுக்கு வருவான், தொப்பியும் தலையில் இருக்கும். ஆனால் வீட்டுக்கு வருகிறவன் யார் என்பது தெரியாது. தினமும் ராத்திரி பக்கத்தில் படுக்கிறவனின் கையைப் பார்த்து, இந்தக் கையா என்று யோசித்துக்கொண்டே காலம் தள்ள வேண்டும். அது தன்னால் முடியாது என்று அவளுக்குத் தெரிந்தது.

அழிக்க வேண்டாம் என்று அழுத்திவிட்டு, கேட்டாள்.

"சாப்ட்டீங்களா?" அவள் குரல்தான். அவளைவிடக் கனிவாக இருந்தது.

"ஆச்சு. மழை வரும்போல இருக்கு."

"ஆமாங்க. கொடில துணி கெடக்கும், பாத்துக்கிடுங்க. அப்புறம்?"

"நீதான் சொல்லணும்."

"நா என்னத்தச் சொல்ல. நீங்க சொல்லுங்க. அப்புறம்?"

அப்புறம் கால். சந்தேகமே இல்லை. நிறுத்திவிடலாம் என்று விரலைக் கொண்டுபோனபோது லிங்கதுரையின் குரல் கேட்டது.

"கனி, இன்னைக்கு என்ன நாளு தெரியுமா?"

"தெரியாமலாங்க? வியாழக்கெழம."

வீட்டு மின்விசிறியின் கடகட சத்தம் கேட்டது. எண்ணெய் விடச் சொல்லி எத்தனையோ தடவை அவளே நச்சரித்த மின்விசிறி.

"படத்துக்கு மாலை வாங்கி வச்சிருக்கேன்," என்றது அவன் குரல். "சரி. போறேன்."

"சரிங்க, போங்க."

ஜீப்பில் உட்கார்ந்திருந்தவளின் வாய் தன்னையறியாமல் முணுமுணுத்தது: "போயிட்டு வாரேன்னு சொல்லுங்க."

போனுக்குள் அவன் திரும்பச் சொன்னான். இந்தத் தடவை நிறுத்தி, ஒவ்வொரு எழுத்தாக. "போறேன்னு சொன்னேன் கனி."

"சரிங்க. பாத்துப் போங்க."

மின்விசிறி சுற்றியது. ரொம்ப நேரம் சுற்றியது.

"நீ கனி இல்லல்லா?"

"நா கனிதாங்க."

அவன் சிரித்தான். சந்தோஷமில்லாத சின்னச் சிரிப்பு. "சரி. கொஞ்ச நேரம் கனியாவே இரு. எனக்கு யார்ட்டயாவது பேசணும்."

பிறகு அவன் பேசினான். சுடலைமணியின் சட்டை ஒன்று இன்னும் அலமாரியில் இருப்பதைப் பற்றி. அதைத் துவைத்தால் தம்பி வாசம் போய்விடும் என்று துவைக்காமல் வைத்திருப்பதைப் பற்றி. அந்தக் கண்டெய்னரைத் தூக்கிய கிரேனில்தான் இப்போது அவனே தினமும் ஏறுகிறான், ஏறும்போதெல்லாம் கீழே பார்க்காமல் ஏறுகிறான் என்பதைப் பற்றி. "வைகுண்டத்த நாலு சாத்து சாத்தணும்னு மத்தியானம் அவன் தெரு வரைக்கும் போயிட்டேன். பேத்திய இடுப்புல வச்சிக்கிட்டு வாசல்ல நின்னான். அந்தப் பிள்ள என்னையப் பாத்து டாட்டா காட்டிச்சு. என்ன செய்ய? நானும் காட்டிட்டு வந்துட்டேன்." நிழல் ஒவ்வொன்றுக்கும் "ஆமாங்க", "அப்புறம்?" என்று சொல்லிக்கொண்டிருந்தது. அப்புறம் என்று கேட்க அதற்கு மட்டும் நேரம் இருந்தது.

கடைசியில் அவன், "இதெல்லாம் அவகிட்ட சொல்லாத" என்றான். "வேலைல கெடந்து சாவுதா, பாவம். நா தெரிஞ்சுக்கிட்டேன்னும் சொல்லாத."

"சரிங்க, சொல்லல."

"சரி. போயிட்டு வாரேன்."

செல்வகனி ஸ்டியரிங் மேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டு அழுதாள். சத்தம் போட்டே அழுதாள்.

பேசியவன் மனிதன்தான். ஒரு வருஷமாக லிங்கதுரையின் வாயில் போறேன் என்ற சொல் ஒருதடவைகூட வந்தபடியே நின்றதில்லை. அவள் நிற்க விட்டதில்லை. அதுவும் போனில் அந்தச் சொல் வந்ததே இல்லை, அதனால்தான் அவள் நிழலுக்கும் அதைத் திட்டத் தெரியவில்லை. அவனுடைய பேச்சைத் தின்று வளர்ந்த எந்த நிழலும் அதைச் சொல்லாது. அதிலும், திட்டு விழுகிறதா பார்ப்போம் என்று இரண்டாம் தடவை நிறுத்திச் சொல்லாது. உலகத்துக் கருவிகளெல்லாம் கைவிரித்த இடத்தில், தன் பொண்டாட்டி இல்லை என்பதை அவன் ஒரே சொல்லில் கண்டுபிடித்திருந்தான். கண்டுபிடித்ததை மறைக்கத்தான் அழிச்சிரு என்றிருக்கிறான். அவளுடைய உத்தியோகத்துக்காகத் தன் ஒரே சாட்சியை அழிக்கச் சொல்லியிருக்கிறான். அவள் அவன் கைக்கட்டைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

மாலையில் கோமதிநாயகம் மறுபடி வெள்ளாந்துறைக்கு வந்தார். அவள் போனை மேஜையில் வைத்துப் பதிவை ஓடவிட்டாள். போறேன் என்ற சொல் வந்த இடத்தில் நிறுத்தி, விஷயத்தை விளக்கினாள். அவர் முழுதும் கேட்டார். கேட்டு முடித்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், திரும்ப மாட்டாமல் கையிலேயே வைத்துக்கொண்டார்.

"ஆளு சுத்தம். எனக்கு இனி சந்தேகமில்ல," என்றார். "ஆனா கனிம்மா, இத நீ போட்டுக் காட்டல, நா கேக்கல. வழக்கமான உறவுச் சாட்சியிலயே கையெழுத்தப் போடு. அவரும் வெளிய வருவாரு, நீயும் சர்வீசுக்குள்ள இருப்ப. யாருக்கு என்ன நட்டம்?"

நட்டம் யாருக்கும் இல்லை என்பது உண்மைதான். அவள் பேனாவை எடுத்தாள். சாட்சித் தாளில், மேற்படி நேரத்தில் என் கணவர் பேசியதை என் காதால் கேட்டேன் என்று இருந்தது. அந்த வரியிலேயே நின்றுவிட்டாள்.

"இத என்னால போட முடியாது ஐயா."

"ஏம்மா, அவர்தான் பேசுனாருன்னு இப்பத் தெரிஞ்சு போச்சே?"

"அவுக பேசுனது நெசம். நா கேட்டது நெசமில்லையே. ஒரு வருசமா மனசுல வச்சிருந்தத ஒரு மிசின்கிட்ட கொட்டியிருக்காக. அத என் காதால கேட்டேன்னு எழுதச் சொல்லுதீய. கேக்கல ஐயா. அவுகளுக்கு நா செஞ்ச துரோகமே அதுதான். அதுக்கு மேல பொய்யும் எழுதணுமா?"

"வேல போயிரும்."

"தெரியும். பதிவையே சாட்சியா எடுத்துக்கிடுங்க. நெழலு என்னோடதுன்னு எழுதித் தாரேன்."

கோமதிநாயகம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, "எழுது" என்றார்.

எழுதிக் கொடுத்துவிட்டு, தொப்பியை மேஜைமேல் வைத்துவிட்டு, வெளியே வந்தாள். ஏட்டு மாசானம் எழுந்து சல்யூட் அடித்தார். அவருக்கு விஷயம் தெரிந்திருந்தது. அந்த ஸ்டேஷனில் சுவருக்கு இந்தப் பக்கம் பேசினால் அந்தப் பக்கம் கேட்கும்.

"போறேன் ஏட்டையா," என்றாள்.

மாசானம் வாயைத் திறந்தார். இங்கே என்ன சொல்ல வேண்டும் என்று அவளே சொல்லிக்கொடுத்திருந்ததால் ஒன்றும் சொல்லாமல் மூடிக்கொண்டார்.

வைகுண்டத்தைக் கொன்றவன் அந்த வாரமே பிடிபட்டான். சொந்த மைத்துனன். வலைக் கொட்டகை யாருக்கு என்ற தகராறு. செல்வகனி இப்போது ஒரு பள்ளிக்கூடத்தின் பேருந்துகளைப் பார்த்துக்கொள்கிறாள். சாயங்காலம் பிள்ளைகளை ஏற்றி இறக்கினால் வேலை முடிந்தது. போனில் நிழல் இல்லை. சுடலைமணியின் சட்டையை இருவரும் சேர்ந்து ஒரு பெட்டியில் மடித்து வைத்தார்கள். அதைப் பற்றி அவன் பேசினான், அவள் கேட்டாள், இந்தத் தடவை தன் காதால்.

தினமும் கிரேனில் ஏறும் முன்னால் லிங்கதுரை கூப்பிடுகிறான். சாப்பாடு, மழை, அப்புறம் என்று பேச்சு போகிறது. கடைசியில் ஒவ்வொரு நாளும் தவறாமல், "சரி கனி, போறேன்" என்கிறான். அவளும் தவறாமல் திட்டுகிறாள். திட்டு விழுந்த பிறகுதான் போனை வைக்கிறான். விளையாடுகிறானா, சோதிக்கிறானா என்று அவள் கேட்டதில்லை. கேட்கும் உரிமை தனக்கு இல்லை என்று நினைக்கிறாள்.

போன வாரம் ஒருநாள் அவன் போறேன் என்று சொன்ன நேரம் பார்த்து அடுப்பில் பால் பொங்கியது. போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு பாத்திரத்தை இறக்கினாள். ஒரு நிமிஷம்கூட ஆகியிருக்காது. எதிர்முனையில் துறைமுகத்துச் சத்தமெல்லாம் கேட்டது, அவன் மூச்சு மட்டும் கேட்கவில்லை.

"போயிட்டு வாரேன்னு சொல்லித் தொலைங்களேன்!" என்று அவள் கத்தினாள்.

அப்புறம்தான் அவன் மூச்சு விட்டான்.